விதானைக்குச் சுலோஜனா நிற்கிறாள்

அத்தியாயம் 14

மகளிர் தினம் அந்த வருடம் ஞாயிற்றுக்கிழமையில் வந்து விழுந்துவிட்டது. ஞாயிறென்றால் அரசாங்கக் கந்தோர்கள் பூட்டு. ஆகவே மகளிரைப் புதன்கிழமை கௌரவிப்பது என்று மேலிடத்தில் முடிவாயிற்று. அதே புதன்கிழமை பின்னேரம் இரண்டரை மணிக்குத்தான் நறுவிலிமடு வட்டையின் சிறுபோகக் கூட்டமும். காலையில் புளியந்தீவு நகரில் மாலை மரியாதை, பின்னேரம் வாவிக்கு அப்பால் படுவான்கரையில் போர்.

"ஒரே நாளில ரெண்டு சாறி வேணும்மா உங்களுக்கு," என்றாள் விதுர்ஷா. வந்தாறுமூலைக் கம்பசில் கடைசி வருடம் படிக்கிறவள். அம்மாவுக்காக வகுப்பை விட்டு வந்திருந்தாள்.

"ஒண்டு காணும். மேடைக்குக் கட்டுறதோடதான் சேத்துக்கும் போறன்."

சுலோஜனா அப்படித்தான் பேசுவாள். சென்ற வாரமும் அப்படித்தான் பேசினாள். வாய்க்கால் கட்டில் நின்று, கூடப் பிறந்த அண்ணன் பூபாலபிள்ளையின் முகத்துக்கு நேரே, "இந்தமுறை விதானைக்கு நான் நிக்கிறன்," என்று சொல்லிவிட்டு வந்தாள். செட்டிபாளையத்தில் அந்தச் செய்தி அவள் வீடு வந்து சேர்வதற்கு முன்பே வந்து சேர்ந்திருந்தது.

வயல்வெளியை அந்தப் பக்கத்தில் வட்டை என்பார்கள். குளத்து மதகாகிய துரிசைத் திறப்பது, எந்தக் கண்டத்துக்கு, அதாவது எந்த வயற்பிரிவுக்கு, எந்த நாள் தண்ணீர் என்று முறை வைப்பது, வாய்க்கால் வெட்ட ஆள் கூப்பிடுவது, எல்லாம் வட்டை விதானையின் கையில். பதினான்கு வருடமாக அந்தக் கை பூபாலபிள்ளையின் கை. போன போகத்தில், பயிர் கதிருக்குக் குடலை தள்ளி நின்ற நேரம் பார்த்து, வாய்க்காலின் வாலில் சுலோஜனாவின் வயலுள்ள கடைக்கண்டத்துக்குப் பதினொரு நாள் தண்ணீர் வரவில்லை. மேல்கண்டத்துக்காரர்கள் முழங்கால் தண்ணீரில் மீன் பிடித்துக்கொண்டிருந்தார்கள்.

கேட்கப் போன தங்கையிடம் அண்ணன் சொன்ன பதில் இதுதான்: "பொம்புளைக்கு வாய்க்கால்ல என்ன வேலை? மச்சான வரச் சொல்லு."

மச்சான் என்றால் அருமைநாயகம், சுலோஜனாவின் கணவர். அவருக்கு வேலை தபாற் கந்தோரில். நல்ல மனுசன், குடி இல்லை, கோபம் இல்லை. வயல் வரம்பில் அவர் நடந்த நாட்களை மட்டும் ஒரு கை விரலில் எண்ணிவிடலாம். அவரை வரச் சொல்லி என்ன செய்வது? கடைக்கண்டத்துக்கு எந்தப் பக்கத்தால் போவது என்று அவருக்கே ஒருவர் வழி காட்ட வேண்டும்.

அந்த அருமைநாயகம் இன்றைக்கு லீவு போட்டுவிட்டுக் காலையிலேயே சவரம் செய்துகொண்டிருந்தார். சுலோஜனாவுக்கு அது புதுமையாக இருந்தது.

"நீங்களும் விழாவுக்கு வாறீங்களா?"

"இல்ல. நான் நேரே கூட்டத்துக்கு வாறன்." கண்ணாடியைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "உன்ட அண்ணன் நேத்துப் போன் எடுத்தவர்."

"என்னவாம்?"

"ஒண்டுமில்ல. சும்மா, சுகம் விசாரிச்சவர்."

பூபாலபிள்ளை சுகம் விசாரிக்கப் போன் எடுக்கிற ஆள் அல்ல. தங்கை ஆஸ்பத்திரியில் கிடந்த போதுகூட ஆள் அனுப்பித்தான் கேட்டவர். சுலோஜனா கணவரின் முதுகையே பார்த்தாள்.

விதுர்ஷா இதற்குள் விழாக்குழு அனுப்பியிருந்த கடிதத்தைப் பிரித்துவிட்டாள். சாதனைப் பெண்ணாகச் சுலோஜனா என்ன பேச வேண்டும் என்பதை அவர்களே தட்டச்சு செய்து அனுப்பியிருந்தார்கள். மூன்று பந்தி. இரண்டாவது பந்தியை விதுர்ஷா உரத்து வாசித்தாள்.

"'எனது வெற்றிக்குப் பின்னால் என் அன்புக் கணவரும் அண்ணனும் இரு தூண்களாக நின்றார்கள்.' அம்மா, தூண் வாய்க்காலுக்குள்ள நிண்டா தண்ணி எப்பிடிப் போகும்?"

சவரக்கத்தி ஒரு கணம் நின்று மீண்டும் ஓடியது.

* * *

மண்டப வாசலில் "பெண்ணே எழு!" என்று பெரிய பதாகை. உள்ளே இருந்த அத்தனை பெண்களும் விடிய நாலரைக்கே எழுந்து, சமைத்து, மூடி வைத்துவிட்டு வந்தவர்கள் என்பது பதாகை எழுதியவருக்குத் தெரிந்திருக்க நியாயமில்லை.

கௌரவிக்கப்பட மூன்று பேர். முதலாமவள் செங்கலடி நிருஷா. ஒரு பழைய மெசினோடு தொடங்கி இன்று இருபது பிள்ளைகளுக்குத் தையல் வேலை கொடுக்கிறவள். மெசின் இரைச்சலுக்கு மேலால் கத்திக் கத்தித் தொண்டையே கரகரத்துப் போனவள். அவளிடம் கேட்டால் ஆயிரம் கதை சொல்லுவாள். ஆனால் அவள் கையிலும் ஒரு கடதாசியைத் திணித்திருந்தார்கள். "தோல்வி என்பது வெற்றியின் முதற்படி," என்று பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி வாசித்துவிட்டு வந்து உட்கார்ந்தாள்.

"எனக்கு இதுவா அக்கா சொல்ல இருந்தது?" என்று சுலோஜனாவின் காதில் முணுமுணுத்தாள். "நேத்து ராவைக்குக்கூடக் கடைக்காரன் ஒருத்தன் முதலாளிய வரச்சொல்லு எண்டு நிண்டவன். நான்தான் முதலாளி எண்டா நம்புறான் இல்ல."

இரண்டாவது டல்சி. புளியந்தீவிலேயே பிறந்து வளர்ந்த, போர்த்துக்கேயர் வழிவந்த பறங்கி. அவளுடைய தகப்பன் ஹோரேஸ் படகு எஞ்சினும் தண்ணீர்ப் பம்பும் திருத்தும் பட்டறை வைத்திருந்தவர். அவர் போனபின் பட்டறையை எடுத்து நடத்துகிறவள் மகள்தான். சுலோஜனாவின் பம்பை வருடத்தில் இரண்டு முறையாவது டல்சிதான் பிரித்துப் பூட்டுவாள். பழக்கம் அப்படித் தொடங்கி, இப்போது சிநேகிதம். ஐம்பது வயது, நகத்தில் கறுப்பு ஒயில், மேலே பூப்போட்ட கவுன்.

டல்சி ஒலிவாங்கிக்கு முன்னால் போய்க் கடதாசியை நான்காக மடித்தாள்.

"விழுந்தாலும் எழும்புங்க எண்டு இதில எழுதிக் கிடக்கு. நான் வாசிக்கல்ல. ஏனெண்டா நான் ஒருநாளும் தானா விழல்ல. என்னைத் தள்ளித்தான் விழுத்தினவங்க."

அறிவிப்பாளர் தன் கையிலிருந்த பிரதியைப் புரட்டித் தேடினார்.

"டடா செத்த கிழமையே ஆக்கள் வந்து எஞ்சினத் திருப்பிக் கேட்டாங்க. பொம்புள கை வைச்சா கடலுக்குள்ள நிண்டிருமாம். எத்தினை வருசம் டடாட பக்கத்தில இருந்து நான்தான் பூட்டினன் எண்டு அவங்களுக்குத் தெரியும். தெரிஞ்சுகொண்டுதான் கேட்டவங்க. இப்ப எனக்கு விருது தாறாங்க, எழும்பினதுக்காம். நல்லது. எழும்பினவளுக்குக் கை தட்டுறீங்க. தள்ளினவன் ஆரெண்டு ஒருத்தரும் கேக்கிறீங்க இல்ல. அவன் இந்த மண்டபத்திலயே இருந்து கை தட்டினாலும் தட்டுவான். பிள்ளையள், எழும்பின உடனே மண்ணத் தட்டிப்போட்டு நடக்காதீங்க. தள்ளினது ஆரெண்டு திரும்பிப் பாருங்க. இல்லாட்டி நாளைக்கும் தள்ளுவான்."

பின்வரிசையில் யாரோ விசிலடித்தார்கள். அறிவிப்பாளர் ஓடிவந்து ஒலிவாங்கியைப் பிடுங்காத குறையாக வாங்கி, "மிகவும் உணர்ச்சிபூர்வமான உரை," என்றார். அந்த மனுசனுக்கு வியர்த்துவிட்டது.

மூன்றாவது சுலோஜனா. பொன்னாடை போர்த்தியவர் பிரதம விருந்தினர் உருத்திரமூர்த்தி, விவசாயிகளின் பதிவும் கூட்டமும் பார்க்கும் கமநல நிலையப் பெரியவர். பேச்சு அவருக்குத் தண்ணீர் பட்ட பாடு. "பதினெட்டு ஏக்கர்! இரண்டு வெள்ளம், ஒரு வறட்சி, உரமே கிடையாத ஒரு வருடம்! எல்லாவற்றையும் தாண்டி இன்று எட்டு ஊருக்கு விதைநெல் கொடுக்கும் வீரமங்கை! இவரல்லவோ விவசாயி!"

கைதட்டல் அடங்குமட்டும் சுலோஜனா நின்றாள். கையில் அந்த மூன்று பந்தி. இரு தூண்கள் என்ற இடத்தில் கண் போய் நின்றது. பதினொரு நாள் தண்ணீரில்லாமல் வெளிறிப் போன குடலைப்பயிர் கண்ணுக்குள் வந்தது. வாசிக்க முடியவில்லை. இவ்வளவு நாளும் பொய்க்கு வாய் பழகியிருந்தால் இன்றைக்கு உதவியிருக்கும்.

"ஐயா என்னை விவசாயி எண்டு சொன்னது பெரிய சந்தோசம்," என்றாள். "இண்டைக்குப் பின்னேரம் எங்கட வட்டைக் கூட்டம். ஐயாதான் தலைமை. நான் விதானைக்கு நிக்கிறன். இஞ்ச தட்டின கையை அங்க மடிச்சு வைச்சிராதீங்க."

மண்டபம் சிரித்தது. உருத்திரமூர்த்தியும் சிரித்தார். "கட்டாயம் அம்மா, கட்டாயம்!" என்று எல்லோருக்கும் கேட்கச் சொன்னார்.

இறங்கி வரும்போது டல்சி கையைப் பிடித்தாள். "கடதாசி எல்லாம் சரிதானே சுலோ? பட்டறை லைசன்ஸில டடாட பேர மாத்த எனக்கு ரெண்டு வருசம் போனது."

"எனக்கென்ன? காணி உறுதிப் பத்திரம் என்ட பேர்ல கிடக்கு. அம்மா சீதனமாத் தந்த காணி, அம்மாக்கு அவட அம்மா குடுத்தது. எங்கட பதினெட்டு ஏக்கரில ஆம்புளட பேர்ல ஒரு பிடி மண் இல்ல."

அவள் அதைப் பெருமையோடுதான் சொன்னாள். அந்தப் பக்கத்தில் வீடும் வளவும் பெண்ணுக்குத்தான் போகும். கலியாணம் கட்டினால் மாப்பிள்ளைதான் பெட்டி தூக்கிக்கொண்டு பெண் வீட்டுக்கு வருவார். அண்ணன்மார் பாடுபட்டுத் தங்கைக்கு வீடு கட்டி முடித்துவிட்டுத்தான் தங்கள் கலியாணத்தை நினைப்பார்கள். சுலோஜனா குடியிருக்கும் கல்வீட்டை அப்படிக் கட்டிக் கொடுத்தவர் பூபாலபிள்ளை. அதுதான் இந்தச் சண்டையில் அவளுக்கு நெஞ்சு கனத்த இடம்.

* * *

குருக்கள்மடத்துறையில் பாதை காத்து நின்றது. வாவியைக் கடக்கும் அந்த மிதவைப் படகுக்கு அங்கே பாதை என்றுதான் பேர். விதுர்ஷா ஸ்கூட்டரை ஏற்றினாள். அக்கரையில் இறங்கி, வயல் வழியே கால்மணி நேர ஓட்டம்.

பிள்ளையார் கோயிலுக்கு முன்னாலுள்ள பலநோக்கு மண்டபத்தில் கதிரைகளில் ஆண்கள். பின்னால், சுவரோரமாக, பாயில் பெண்கள். கதிரை தட்டுப்பாடாம். பதினான்கு வருடமாகத் தட்டுப்பாடு. பெண்கள் விதைப்புத் திகதியைக் கேட்டுக்கொண்டு போக வருகிறவர்கள் என்பது எல்லோருடைய எண்ணமும்.

அருமைநாயகம் முன்வரிசையில், பூபாலபிள்ளைக்குப் பக்கத்துக் கதிரையில் இருந்தார். சுலோஜனாவைக் கண்டதும் சற்றே அசைந்தார். எழும்பவில்லை.

விதைப்பு முடிக்கும் திகதி, மாடுகளை வட்டையால் வெளியேற்றும் திகதி, வாய்க்கால் வெட்டும் நாள், எல்லாம் கெதியில் முடிந்தது. பிறகு விதானை தெரிவு. "இருக்கிற ஆளே இருக்கட்டும்," என்று மேல்கண்டத்துக்காரர் ஒருவர் வழக்கம்போலத் தொடங்கினார்.

உசனார் எழும்பினார். ஏறாவூர்ப் பக்கத்து மனுசன், கடைக்கண்டத்தில் சுலோஜனாவுக்கு அடுத்த வயல்வரவை அவருடையது. "போன போகம் எனக்கு வைக்கலும் மிஞ்சல்ல. தண்ணிட அருமை தெரிஞ்ச ஆள் வரட்டும். நான் சுலோஜனாத் தங்கச்சிட பேரச் சொல்லுறன்."

"ஆமோதிக்கிறது ஆர்?" என்று தலைமை மேசையில் இருந்த உருத்திரமூர்த்தி கேட்டார்.

"நான்!" என்று பாயிலிருந்து குரல் வந்தது. இலட்சுமிப்பிள்ளை. வாயாலேயே வட்டையை உழுது விதைத்துவிடக் கூடிய மனுசி.

உருத்திரமூர்த்தி விவசாயிகளின் பேர்ப்பதிவான இடாப்பைப் பிரித்தார். காலையில் சிரித்த முகத்தை எங்கேயோ கழற்றி வைத்துவிட்டு வந்திருந்தார். "பேர் சொல்லுறதும் ஆமோதிக்கிறதும் பதிஞ்ச விவசாயியள்தான் செய்யலாம். இலட்சுமிப்பிள்ளை... இல்லையே அம்மா. உங்கட காணிக்கு விவசாயி எண்டு உங்கட மருமகன்ட பேர்தான் கிடக்கு."

"மருமகனா? அவன் ஆறு வருசமா கட்டார் நாட்டிலயெல்லா கிடக்கான்! அங்க இருந்தா களை புடுங்கினவன்?"

சிரிப்பு எழுந்தது. உருத்திரமூர்த்தி சிரிக்கவில்லை. விரல் இடாப்பில் கீழே இறங்கி ஓரிடத்தில் நின்றது.

"சுலோஜனா அம்மா, உங்கடயும் அப்பிடித்தான். கடைக்கண்டம், பதினெட்டு ஏக்கர். விவசாயி, அருமைநாயகம். உங்கட பேர் கீழ கிடக்கு. மனைவி. தொழில், வீட்டுப்பணி."

வீட்டுப்பணி!

சுலோஜனாவுக்கு முதலில் விளங்கவில்லை. விளங்கியதும் உச்சியில் அடித்தது போல இருந்தது. ஏனென்றால் அந்தப் பேரை எழுதச் சொன்னவள் அவளேதான். உரமானியத்துக்குப் பதிவு நடந்த வருடம், விதைப்பு அடித்துக்கொண்டிருந்த நேரம். அவள் இடுப்பளவு சேற்றில். "கந்தோர் வேலை உங்களுக்குத்தானே பழக்கம், நீங்க போய் எழுதிற்று வாங்க," என்று கணவரை அனுப்பினாள். படிவத்தில் விவசாயிக்கு ஒரு பெட்டிதான். வரிசையில் நின்றது ஆம்பிளை. பெட்டிக்குள் போனது ஆம்பிளையின் பேர். வட்டை முழுக்க அப்படித்தான் நடந்திருக்கிறது. தாய்வழித் தாய்வழியாகப் பெண் கைக்கு வந்த மண்ணை, உரப்பை வாங்கப் போன வழியில் பெண்களே தொலைத்துவிட்டு வந்திருக்கிறார்கள். தொலைத்தது இன்றுவரை தெரியவும் இல்லை.

பூபாலபிள்ளை எழும்பினார். குரலில் பால் வார்த்தார். "குடும்பத்துக்குள்ள வழக்கு வேணாம். தங்கச்சிக்கு அவ்வளவு ஆசையெண்டா நான் விட்டுக் குடுக்கிறன். மச்சான் நிக்கட்டும். அவர்ட பேர் கிடக்கு. தங்கச்சி பின்னால இருந்து சொல்லிக் குடுக்கட்டும்."

எவ்வளவு பெரிய மனசு என்று இரண்டு மூன்று தலைகள் ஆடின. சுலோஜனா கணவரைப் பார்த்தாள். அவர் தரையைப் பார்த்தார். நேற்று விசாரித்த சுகம் எது என்று அவளுக்கு அப்போது விளங்கியது. துரிசுக்கு வழி தெரியாத மச்சான் விதானை, துரிசுச் சாவி மச்சானின் மச்சான் கையில். நல்ல ஏற்பாடு!

அவள் பாய்களைத் தாண்டி, கதிரைகளைத் தாண்டி, மேசைக்கு முன்னால் வந்து நின்றாள்.

"ஐயா, காலையில பொன்னாடை போத்தினது ஆருக்கு?"

"அது வேற அம்மா, இது வேற. இது சட்டம்."

"வேற எண்டா எப்பிடி? பதினெட்டு ஏக்கர், ரெண்டு வெள்ளம், உரமில்லாத வருசம், எல்லாத்தையும் நீங்கதானே எண்ணிச் சொன்னீங்க. இவரல்லவோ விவசாயி எண்டு நீங்கதானே கத்தினீங்க. அந்த விவசாயி உங்கட புத்தகத்தில இல்ல. மறுகா ஆருக்குக் கை தட்டினீங்க? வீட்டுப்பணிக்கா?"

"தங்கச்சி, பெரியாக்களோட..." என்று பூபாலபிள்ளை தொடங்கினார். "உனக்கு வீடு கட்டி முடிச்சுப்போட்டுத்தான் நான் எனக்கெண்டு ஒரு வாழ்க்கைய நினைச்சவன். அத நினைச்சுப் பார்."

"நினைக்காத நாள் இல்லண்ணே." அவள் குரல் ஒருமுறை உடைந்து மீண்டும் நிமிர்ந்தது. "ஒவ்வொரு நாளும் அந்த வீட்டுக்குள்ள விளக்கு வைக்கக்குள்ள உங்களத்தான் நினைக்கிறன். அதுக்காக நீங்க என்ட வாய்க்கால அடைச்சதையும் கும்பிடச் சொல்லுறீங்களா? காலையில ஒரு மனுசி சொன்னா, தள்ளினது ஆரெண்டு திரும்பிப் பார் எண்டு. பாக்கிறன். பாத்தா எல்லாம் எங்கட ஆக்களாக் கிடக்கு."

இலட்சுமிப்பிள்ளை பாயைவிட்டு எழும்பினாள். "ஐயா, அந்தப் புத்தகத்தில எங்கள் எல்லாற்ற பேரையும் தேடிப் பாருங்க. ஒண்டாவது கிடக்கா எண்டு." அவளுக்குப் பக்கத்தில் இன்னொருத்தி எழும்பினாள். பிறகு எல்லோரும். விதுர்ஷா எண்ணினாள். இருபத்தேழு பேர். இருபத்தேழு பேரும் காணி உறுதிக்காரிகள். இடாப்பில் ஒரு பேரும் இல்லை.

உருத்திரமூர்த்தி கைலேஞ்சியால் கழுத்தைத் துடைத்தார். இருபத்தேழு பெண்கள் நின்றுகொண்டிருக்கும் மண்டபத்தில் சட்டம் பேசுவது அவ்வளவு இலேசல்ல. "சரி, சரி. தெரிவை வாற வெள்ளிக்கிழமைக்கு ஒத்தி வைக்கிறன். அதுக்குள்ள பதிவை மாத்திக்கொள்ளுங்க. உறுதி வேணும். இடாப்பில பேர் உள்ளவர் வந்து, பயிர் செய்யிறது நானில்ல, இவதான் எண்டு கையெழுத்து வைக்கோணும். அவர் வைக்காட்டி நான் ஒண்டும் செய்ய ஏலா."

"வெள்ளிக்கிழமை வரைக்கும் ஏன்?" என்றாள் சுலோஜனா. ஒரு பாரம் இறங்கியது போல இருந்தது அவளுக்கு. "அவர் இஞ்சதான் இருக்கார். இப்பவே வைப்பார்."

உருத்திரமூர்த்தி ஒரு படிவத்தை எடுத்து மேசையில் வைத்தார். எல்லாக் கண்ணும் அருமைநாயகத்தின் பக்கம் திரும்பியது. அவர் மெல்ல எழும்பினார். மேசையைப் பார்த்தார், மச்சானைப் பார்த்தார், மனைவியைப் பார்க்கவில்லை.

"நான் யோசிச்சுச் சொல்லுறன்," என்றார்.

* * *

துறைக்கு வரும்வரை சுலோஜனா ஸ்கூட்டரின் பின்னால் திரும்பிப் பார்க்காமல் இருந்தாள். அருமைநாயகம் பின்னாலேயே மோட்டார் சைக்கிளில் வந்தார். விதுர்ஷா ஸ்கூட்டரைப் பாதையில் ஏற்றிவிட்டுத் தள்ளிப்போய் நின்றாள். அப்பாவின் முகத்தைப் பார்க்க அவளுக்கு மனம் வரவில்லை.

"சுலோ," என்றார் அவர். "கோவிக்காத. நான் மாட்டன் எண்டு சொல்லல்லயே."

"ஓம் எண்டும் சொல்லல்ல."

"உனக்கு விளங்காது." அவர் குரல் தாழ்ந்தது. "வீடு உன்ட பேர்ல. வளவு உன்ட பேர்ல. வயல் உன்ட உறுதியில. கலியாணம் கட்டி இருவத்தினாலு வருசமா உன்ட வீட்டிலதான் நான் இருக்கிறன். எனக்கெண்டு எழுதிக் கிடக்கிறது அந்தப் புத்தகத்தில ஒரு வரிதான். அதையும் எல்லாற்ற முன்னாலயும் நான் இல்ல எண்டு எழுதிக் குடு எண்டா..."

சுலோஜனாவுக்கும் அது விளங்கியது. பொய் சொல்லவில்லை அந்த மனுசன். இதை ஒரு நாள், வீட்டு முற்றத்தில், இரண்டு பேராக இருக்கும்போது சொல்லியிருந்தால் அவள் அவருக்குப் பக்கத்தில் இருந்து கேட்டிருப்பாள். ஒருவேளை அழுதும் இருப்பாள். ஆனால் அவர் அவளிடம் சொல்லவில்லை. நேற்று அவளுடைய அண்ணனிடம்தான் சொல்லியிருக்க வேண்டும். அந்த நோவை வைத்துத்தான் இன்றைக்கு அவளை விற்கப் பார்த்தார்கள். நினைக்க நினைக்க அவளுக்குப் பற்றி எரிந்தது.

"அந்த ஒரு வரியில விதைச்சது நீங்களா?" என்றாள். "வெள்ளத்துக்கு வரம்பில நிண்டது நீங்களா? அந்த வரி உங்கடயெண்டா இருவத்தினாலு வருசமா நான் ஆருங்க?"

அவர் மோட்டார் சைக்கிளின் கைப்பிடியைத் துடைத்தார்.

"யோசிக்கோணும் எண்டு சொன்னீங்க. நல்லா யோசிங்க. வெள்ளிக்கிழமை வரைக்கும் உங்களுக்கு நேரம் கிடக்கு. ஆனா என்ட வீட்டில இருந்து, நான் ஆக்கிற சோத்தத் திண்டுகொண்டு, நான் விவசாயியா இல்லையா எண்டு யோசிக்க வேணாம். உங்கட தாய்வீட்டுக்குப் போய் இருந்து யோசிங்க."

அருமைநாயகம் அதிர்ந்து போய்ப் பார்த்தார். அவருடைய தாய்வீடு இங்கே படுவான்கரையில்தான், இரண்டு கட்டை தூரத்தில். ஆனால் அது இப்போது அவருடைய தங்கையின் வீடு. முறைப்படி அவளுக்குக் கொடுத்தாயிற்று. அங்கே போனால் அவர் தங்கையின் கணவருக்கு விருந்தாளி.

"என்ன கதை இது? ஊர் என்ன சொல்லும்?"

"ஊரும் யோசிச்சுச் சொல்லட்டும்."

அவள் பாதையில் ஏறினாள். இரும்புக் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். கரையில் இன்னொரு மோட்டார் சைக்கிள் வந்து நின்றது. பூபாலபிள்ளை. இறங்கிவந்து மச்சானின் தோளில் கை போட்டார். என்ன சொன்னார் என்று இங்கே கேட்கவில்லை. அருமைநாயகம் அந்தக் கையைத் தட்டிவிடவும் இல்லை, தலையை ஆட்டவும் இல்லை.

"அம்மா, மாமா வந்திருக்கார்," என்றாள் விதுர்ஷா.

"கண்டன்."

பாதைக்காரன் கயிற்றைக் கையில் எடுத்துக்கொண்டு கரையைப் பார்த்தான். "ஐயா வரல்லியா அக்கா? நிக்கட்டா?"

"அவர் யோசிக்கிறார் தம்பி," என்றாள் சுலோஜனா. "நீ எடு."